ஒயிட் லேபிள்னு யாராவது சொன்னா எப்படி புரிஞ்சுக்கணும், எங்க எப்படி யூஸ் பண்ணணும்

ஏடிஎம் பத்தி பேசுறவங்களும் இந்த வார்த்தைய சொல்றாங்க, முகத்துக்கு சீரம் விக்கிறவங்களும் சொல்றாங்க, சாஃப்ட்வேர் விக்க வர்றவரு ஸ்லைடுல பெருசா போட்டுட்டு வர்றாரு, பழைய இசைத்தட்டு சேர்க்கிறவங்க கேட்டா அவங்களுக்கு அது வேற ஒரு பொருள். எல்லாரும் சொல்றது ஒயிட் லேபிள் தான், ஆனா ஒருத்தர் மனசுல இருக்கிறது இன்னொருத்தர் மனசுல இல்ல. இதுல அர்த்தம் மாறிப்போய் அட்வான்ஸ் குடுத்துட்டு அப்புறமா சண்டை போடுறவங்கள நிறைய பாக்குறேன், அதான் இத கொஞ்சம் விலாவாரியா எழுதணும்னு தோணுச்சு.

எந்த இடத்துல கேட்டாலும் மூணு கேள்விய கைல வெச்சுக்கோங்க. இத செஞ்சது யாரு? வெளிய யாரு பேரு தெரியுது? கெட்டுப்போனா, தப்பாப்போனா பதில் சொல்ல வேண்டியது யாரு? ஒயிட் லேபிள்ங்கிற வார்த்தை வர்ற முக்கால்வாசி இடத்துல முதல் கேள்விக்கு ஒரு ஆளு, ரெண்டாவதுக்கு வேற ஒரு ஆளு. மூணாவது கேள்விக்குத்தான் எடத்துக்கு எடம் பதில் மாறும், நம்ம காசு மாட்டுறதும் அங்கதான்.

இசைத்தட்டுல இருந்து ஆரம்பிக்கலாம், ஏன்னா அங்க இந்த வார்த்தை நேரடியா கண்ணால பாக்குற ஒரு பொருள். வினைல் தட்டு நடுவுல வட்டமா ஒரு பேப்பர் ஒட்டியிருக்கும்ல, அதுல கம்பெனி பேரு, பாட்டு, பாடுனவங்க பேரு எல்லாம் அச்சடிச்சிருக்கும். அது எதுவும் இல்லாம வெறும் வெள்ளையா வந்தா அது ஒயிட் லேபிள். ஃபேக்டரில சத்தம் சரியா பதிஞ்சிருக்கான்னு பாக்க முதல்ல அடிக்கிற டெஸ்ட் பிரஸ்ஸிங் பெரும்பாலும் இப்படித்தான் வரும். அமெரிக்காவுல ரேடியோ ஸ்டேஷனுக்கு அனுப்புற இலவச காப்பில கம்பெனியோட வழக்கமான கலர் லேபிளுக்கு பதிலா வெள்ளைல அச்சடிச்சு விற்பனைக்கு அல்லன்னு போட்டிருப்பாங்க, அதையும் ஒயிட் லேபிள் ப்ரோமோன்னு தான் சொல்றாங்க, அதுல பேரு எல்லாம் இருக்கும், வெள்ளை கலர் மட்டும்தான் அடையாளம். 80கள், 90கள்ல இங்கிலாந்து டான்ஸ் மியூசிக்ல இது வேற மாதிரி போச்சு, கொஞ்சமே கொஞ்சம் காப்பி அடிச்சு, ரப்பர் ஸ்டாம்ப் குத்தியோ பேனாவால எழுதியோ நேரா டிஜேக்களுக்கும் சின்ன கடைகளுக்கும் குடுத்தாங்க. சில தட்டுல அடுத்தவங்க பாட்டுல இருந்து அனுமதி வாங்காம எடுத்த துண்டு இருக்கும், அதனால பேரு போட முடியாது, சிலதுல பேரு பாக்காம பாட்ட மட்டும் கேட்டு சொல்லட்டும்னு விட்டிருப்பாங்க.

அதுக்கும் முன்னாடி 50கள்ல ஜமைக்கால சவுண்ட் சிஸ்டம்னு பெரிய ஸ்பீக்கர் செட் வெச்சு டான்ஸ் நடத்துனவங்க அமெரிக்கால இருந்து வாங்கிட்டு வந்த தட்டோட லேபிள சுரண்டி எடுத்துருவாங்க, எதிர் செட்டுக்காரன் என்ன பாட்டுன்னு கண்டுபிடிச்சு தானும் வாங்கிட்டு வந்துரக்கூடாதுன்னு. அத ஒயிட் லேபிள்னு சொல்ல மாட்டாங்க, ஆனா பேர மறைச்சா மதிப்பு கூடும்ங்கிற யோசனை ஒண்ணுதான், எனக்கு இந்த விஷயத்துல ரொம்ப பிடிச்ச பகுதியே இதுதான். தட்டு வாங்குறவங்களுக்கு ஒரே ஒரு டிப்ஸ், வெள்ளை லேபிள் இருக்குன்னு மட்டும் சொல்லி ரேர் பீஸ்னு விலை சொன்னா நம்பிராதீங்க, பாட்டு முடிஞ்சு லேபிளுக்கு முன்னாடி வழவழன்னு இருக்கிற வளையத்துல சின்னதா நம்பர் கீறியிருக்கும், அந்த மேட்ரிக்ஸ் நம்பர வெச்சு தேடுனா எந்த பிரஸ்ஸிங்னு பெரும்பாலும் பிடிச்சிரலாம்.

விஸ்கி பாட்டில்ல ஒயிட் லேபிள்னு பாத்தீங்கன்னா அத இந்தக் கணக்குல சேர்க்காதீங்க. டூவர்ஸ் கம்பெனி 1899ல கொண்டு வந்த கலவை விஸ்கிக்கு பேரே அதுதான், அங்க அது மறைக்கிற வார்த்தை இல்ல, பெருசா காட்டுற பேரு.

இப்போ நம்ம ஊரு தெருவுக்கு வரலாம். ரிசர்வ் பேங்க் 2012 ஜூன்ல பேங்க் இல்லாத கம்பெனிகளும் ஏடிஎம் வெக்கலாம்னு அனுமதி குடுத்துச்சு, மறு வருஷம் 2013ல அப்போ டாடா குரூப்கிட்ட இருந்த இண்டிகேஷ் மகாராஷ்டிராவுல அன்னைய தானே மாவட்டத்துல ஒரு சின்ன ஊர்ல முதல் மெஷின வெச்சாங்க. இதுக்குத்தான் ஒயிட் லேபிள் ஏடிஎம்னு பேரு. இங்க வேடிக்கை என்னன்னா லேபிள் வெள்ளையா இருக்காது, இண்டிகேஷ், இந்தியா1னு நடத்துற கம்பெனி பேரு பளிச்சுன்னு எழுதியிருக்கும், இல்லாம இருக்கிறது பேங்க் பேருதான். பிரவுன் லேபிள் ஏடிஎம்னு இன்னொண்ணு இருக்கு, அதுல மெஷினும் இடமும் பராமரிப்பும் வெளி கம்பெனியோடது, ஆனா போர்டுல பேங்க் பேரு இருக்கும், பணம் போடுற பொறுப்பும் நெட்வொர்க்கும் பேங்கோடது. வெளில இருந்து பாக்குறப்போ பேங்கோட சொந்த ஏடிஎம்முக்கும் பிரவுன் லேபிளுக்கும் வித்தியாசமே தெரியாது, தெரிஞ்சும் நமக்கு பெருசா ஒண்ணும் ஆகப்போறதில்ல.

ஆனா ஒயிட் லேபிள்ல தெரிஞ்சுக்க வேண்டியது இருக்கு. அங்க நீங்க காசு எடுத்தா உங்க பேங்க் கணக்குல அது அடுத்த பேங்க் ஏடிஎம்ல எடுத்த மாதிரி, அதாவது மெட்ரோ நகரத்துல மாசம் 3, மத்த ஊர்ல 5 இலவச டிரான்ஸாக்‌ஷன்ல அது கழியும், சென்னை மெட்ரோ நகரக் கணக்குல வரும், மதுரை கோயம்புத்தூர் அந்தக் கணக்குல வராது. பேலன்ஸ் பாக்குறதும் அந்த எண்ணிக்கைலதான் சேரும். 2025 மே மாசத்துல இருந்து இலவசம் தாண்டுனா ஒரு தடவைக்கு 23 ரூபா வரைக்கும் பேங்க் எடுக்கலாம், வரி தனி. இப்ப மூணாவது கேள்வி, அக்கவுண்ட்ல கழிஞ்சுருச்சு காசு வெளிய வரல, யார கேக்கணும்? மெஷின்ல எழுதியிருக்கிற கம்பெனிய தேடி அலையாதீங்க, உங்களுக்கு கார்டு குடுத்த பேங்குலதான் புகார் குடுக்கணும். எடுத்த நாள் போக 5 நாளுக்குள்ள காசு திரும்ப வரணும், வரலன்னா அதுக்கப்புறம் ஒவ்வொரு நாளைக்கும் 100 ரூபா நஷ்டஈடு பேங்கே தரணும்னு ரிசர்வ் பேங்க் 2019 செப்டம்பர்ல சர்க்குலர் போட்டிருக்கு. ஸ்லிப் வந்தா போட்டோ எடுத்து வெச்சுக்கோங்க, வரலன்னா மெஷின்ல ஒட்டியிருக்கிற ஏடிஎம் ஐடியையும் நேரத்தையும் குறிச்சுக்கோங்க, புகார் எழுதுறப்போ அது ரெண்டும் இருந்தா வேலை சீக்கிரம் நடக்கும்.

ஜாவா படிக்கிற பசங்க இந்த வார்த்தைய முதல்ல பாக்குறது பிரவுசர்லதான், ஸ்பிரிங் பூட்ல, அதாவது ஜாவால வெப் அப்ளிகேஷன் செய்ய உதவுற கருவில, புராஜெக்ட் ஓட்டுனதும் ஒயிட்லேபிள் எர்ரர் பேஜ்னு வந்து நிக்கும். ஏதோ வைரஸ் மாதிரி பயந்து கேக்குறாங்க, அது ஒண்ணும் இல்ல, உங்க அப்ளிகேஷனுக்குன்னு தனியா எர்ரர் பேஜ் நீங்க எழுதல, அதனால எந்த கம்பெனி அடையாளமும் இல்லாத பொதுவான பக்கத்த ஸ்பிரிங் காட்டுது, அவ்ளோதான். பேஜ் வந்ததுக்கு காரணம் பெரும்பாலும் கண்ட்ரோலர் மேப்பிங் தப்பாவோ, கண்ட்ரோலர் கிளாஸ் மெயின் கிளாஸோட பேக்கேஜுக்கு வெளிய கிடக்குறதோ தான், கீழ 404ஆ 500ஆன்னு இருக்கும், அத பாத்துட்டு லாக் படிங்க. பேஜே பிடிக்கலன்னா டெம்ப்ளேட் ஃபோல்டர்ல எர்ரர்ங்கிற பேர்ல உங்க சொந்த பக்கத்த போட்டா போதும், இது மறைஞ்சிரும்.

சரி, இப்போ பெரிய விஷயம், சொந்தமா பிராண்டு ஆரம்பிக்கிறது. சோப்பு, ஹேர் ஆயில், மசாலா, சத்துமாவு, சப்ளிமெண்ட்னு எது எடுத்தாலும் ஒயிட் லேபிள்ல ஆரம்பிங்கன்னு வீடியோ போடுறாங்க, ஆனா அதுல மூணு வேற வேற ஏற்பாட்ட ஒரே பேர்ல சொல்றாங்க. ஃபேக்டரி ஏற்கனவே ஒரு ஃபார்முலா வெச்சிருக்கு, அதையே நாலு கம்பெனிக்கு நாலு பேர்ல பேக் பண்ணி குடுக்குது, ஒரே மாவுல ஊத்துன இட்லிய நாலு கடைக்காரங்க அவங்கவங்க பார்சல் கவர்ல போட்டு விக்கிற மாதிரி, இதுதான் சரியான அர்த்தத்துல ஒயிட் லேபிள். ப்ரைவேட் லேபிள்னா ஒரு கடையோ பிராண்டோ எனக்கு இந்த மாதிரி வேணும்னு சொல்லி தனக்காக மட்டும் செய்ய வைக்கிறது, அமெரிக்க கடை காஸ்ட்கோவோட கிர்க்லாண்டும் அமேசானோட அமேசான் பேசிக்ஸும் இந்த ரகம், அந்தந்த கடைய விட்டா பொதுவா வேற எங்கயும் அந்த பிராண்டு கிடைக்காது. மூணாவது நம்மகிட்ட ஃபார்முலா இருக்கு, டிசைன் இருக்கு, செஞ்சு குடுக்க மட்டும் ஆளு வேணும், இத கான்ட்ராக்ட் மேனுஃபேக்சரிங்னு சொல்வாங்க. திருப்பூர்ல வெளிநாட்டு பிராண்டுக்கு பனியனும் டிஷர்ட்டும் தைச்சு, பையர் குடுத்த லேபிள் வெச்சு அனுப்புறாங்களே, அதுவும் இந்த மூணாவது ரகம்தான், அத ஒயிட் லேபிள்னு சொன்னா அங்க இருக்கிறவங்களுக்கு புரியாது, பையர் ஆர்டர்னு சொன்னாத்தான் புரியும்.

அதனால ஃபேக்டரிக்கு போன் போட்டு ஒயிட் லேபிள் பண்ணித் தருவீங்களான்னு மொட்டையா கேக்காதீங்க. இதே பொருள் இப்போ வேற பேர்ல மார்க்கெட்ல இருக்கா, எனக்காக எதையாவது மாத்த முடியுமா, மாத்துனா அந்த ஃபார்முலா யாருது, குறைஞ்சது எவ்ளோ எடுக்கணும், பாட்டிலும் ஸ்டிக்கரும் நான் குடுக்கணுமா நீங்களே போட்டுக்குவீங்களான்னு கேளுங்க. முதல் கேள்விக்கு ஆமான்னு பதில் வந்தா தப்பில்ல, ஆனா அப்போ உங்க சரக்குல தனித்தன்மைன்னு ஒண்ணும் கிடையாது, பேரும் பேக்கிங்கும் சர்வீஸும்தான் நீங்க விக்கிறது, அத தெரிஞ்சு விலை வைங்க. எங்க பாட்டி கைப்பக்குவம், எங்க வீட்டு அடுப்புல காய்ச்சுனதுன்னு எழுதாதீங்க, ஃபேக்டரில செஞ்சத அப்படி எழுதி விக்கிறது என்னைப் பொறுத்தவரைக்கும் வாங்குறவங்கள ஏமாத்துறது, சட்டமும் அத தவறான விளம்பரம்னுதான் பாக்கும், 10 லட்சம் வரைக்கும் அபராதம் போட மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையத்துக்கு அதிகாரம் இருக்கு.

அடுத்தது நிறைய பேரு தெரியாம இறங்குற விஷயம். ஃபேக்டரிதானே செஞ்சுச்சு, கெட்டுப்போனா அவங்க பாத்துக்குவாங்கன்னு நினைக்கிறாங்க. 2019ல வந்த நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்துல தயாரிப்பாளர்னு யார சொல்லணும்னு ஒரு விளக்கம் இருக்கு, அதுல பொருள செஞ்சவரு மட்டும் இல்ல, அடுத்தவங்க செஞ்ச பொருள்ல தன்னோட அடையாளத்த போடுறவரும், போட வைக்கிறவரும் தயாரிப்பாளர்தான்னு தெளிவா சொல்லியிருக்கு. அதாவது உங்க ஸ்டிக்கர் ஒட்டுன நிமிஷத்துல இருந்து அந்த கிரீமால ஒருத்தங்க முகம் வெந்துபோனா கோர்ட்ல நீங்களும் தயாரிப்பாளரா நிப்பீங்க, நான் வெறும் மார்க்கெட்டிங் தாங்கன்னு சொல்லி நகர முடியாது. மருந்துலயும் 2021 மார்ச்ல இருந்து அட்டைல மார்க்கெட்டிங் கம்பெனி பேரும் விலாசமும் போடணும், தரத்துக்கு அவங்களும் பொறுப்புன்னு விதி மாறிருச்சு.

இன்னொரு நுணுக்கம், பாக்கெட்ல பேரு எழுதுற விதம். எடை, அளவு, பாக்கெட் விவரத்துக்கான லீகல் மெட்ராலஜி பேக்கேஜ் விதிகள் 2011 படி தயாரிச்சவரு இவரு, பேக் பண்ணவரு இவருன்னு எந்த அடைமொழியும் போடாம ஒரு கம்பெனி பேரும் விலாசமும் மட்டும் இருந்தா, அந்த கம்பெனிதான் தயாரிப்பாளர்னு எடுத்துக்குவாங்க, பொறுப்பும் அங்கதான் விழும். அதனால லேபிள் டிசைன் பண்றவரு அழகா இருக்கணும்னு அந்த வார்த்தைய தூக்கிட்டாருன்னா விட்ராதீங்க. தயாரிச்சவர் பேரு விலாசம், நீங்க மார்க்கெட் பண்றவரா இருந்தா உங்க பேரு விலாசம், எடை, தயாரிச்ச மாசம் வருஷம், எம்ஆர்பி, புகார் சொல்ல நம்பரும் மெயிலும் இதெல்லாம் கண்டிப்பா இருக்கணும். சாப்பிடுற பொருளா இருந்தா உணவு பாதுகாப்பு ஆணையமான எஃப்எஸ்எஸ்ஏஐயோட 14 இலக்க நம்பர் வேணும், செய்யுற ஃபேக்டரிகிட்ட லைசென்ஸ் இருக்கேன்னு இருந்துராதீங்க, பேரு உங்களுதுன்னா உங்களுக்கும் தனியா எடுக்கணும். கிரீம், ஷாம்பூ மாதிரி காஸ்மெடிக்ஸ்னா ஃபேக்டரியோட தயாரிப்பு லைசென்ஸ் நம்பர், பேட்ச் நம்பர் வேணும். சிவகாசில லேபிள் அடிக்கக் குடுக்குறதுக்கு முன்னாடி இத எல்லாம் முடிச்சுருங்க, பத்தாயிரம் லேபிள் அடிச்ச பிறகு ஒரு நம்பர் மாறுச்சுன்னா மொத்தமும் குப்பைதான்.

பேரு பதிவு, அதாவது டிரேட்மார்க், இதுக்கும் முந்தின வேலை. ஃபேக்டரில சரக்கு அடுத்தவங்களுக்கும் போகுது, ஃபார்முலா உங்களுது இல்ல, அப்ப உங்ககிட்ட இருக்கிற ஒரே சொத்து பேருதான், அத பதியாம விடுறது எனக்கு புரியவே மாட்டேங்குது. டிரேட்மார்க் பதியுற அரசாங்க சைட்டான ஐபி இந்தியால இலவசமா தேடிப் பாக்கலாம், அதே மாதிரி உச்சரிப்பு வர்ற பேரும் பாருங்க, எழுத்து மாத்திப் போட்டா தப்பிச்சிரலாம்னு நினைக்காதீங்க. பொருளையும் சேவையையும் மொத்தம் 45 கிளாஸா, அதாவது வகையா பிரிச்சிருக்காங்க, காஸ்மெடிக்ஸ் 3ல வரும், மசாலா, காபி, டீ 30ல, சமையல் எண்ணெய், ஊறுகாய் 29ல, துணிமணி 25ல. தனி ஆளு, சின்ன தொழில்னா ஆன்லைன்ல ஒரு கிளாஸுக்கு 4500 ரூபா, மத்தவங்களுக்கு 9000. கிடைச்சா 10 வருஷம் செல்லும், அப்புறம் புதுப்பிச்சுக்கலாம். அப்ளை பண்ணதும் டிஎம்னு போட்டுக்கலாம், வட்டத்துக்குள்ள ஆர் போட்ட குறிய ரெஜிஸ்டர் ஆன பிறகுதான் போடணும், முன்னாடியே போட்டா அது குற்றம். ஃபேக்டரிக்காரரே நம்ம பேர்லயே பேர பதிஞ்சு தர்றேன்னு சொன்னாருன்னா அந்த நம்ம யாருன்னு கேளுங்க, அப்ளிகேஷன்ல ஓனர் இடத்துல உங்க பேரு இருக்கணும்.

வாங்குற பக்கம் இருக்கிறவங்க இதே விஷயத்த திருப்பிப் படிச்சா போதும். ரெண்டு வேற பிராண்டு, ஒண்ணு 199 இன்னொண்ணு 599, பின்னாடி திருப்பிப் பாருங்க, தயாரிச்சவர் விலாசமும் லைசென்ஸ் நம்பரும் ஒண்ணா இருந்து உள்ள சேர்த்த பொருள் பட்டியலும் அதே வரிசைல அதே மாதிரி இருந்தா ரெண்டும் ஒரே சரக்கா இருக்க நல்ல வாய்ப்பு இருக்கு. விலாசம் மட்டும் ஒண்ணா இருந்தா அப்படி முடிவு பண்ணிராதீங்க, ஒரே ஃபேக்டரி பத்து விதமா செய்யும், தரமும் வேறயா இருக்கும். எஃப்எஸ்எஸ்ஏஐ நம்பர் 1ல ஆரம்பிச்சா லைசென்ஸ், 2ல ஆரம்பிச்சா சின்ன அளவு ரெஜிஸ்ட்ரேஷன், அவங்க சைட்ல போட்டு யாரு பேர்ல இருக்குன்னு பாத்துக்கலாம். பிரச்சனைன்னா தேசிய நுகர்வோர் உதவி நம்பர் 1915க்கு கூப்பிடலாம், அப்ப தயாரிச்சவர், மார்க்கெட் பண்றவர் ரெண்டு பேரையும் சொல்லுங்க.

சாஃப்ட்வேர்ல ஒயிட் லேபிள்னா ஒரு கம்பெனி செஞ்ச ஆப்ப உங்க லோகோ, உங்க கலர், உங்க டொமைன் போட்டு உங்க ஆப் மாதிரி விக்கலாம். கோச்சிங் சென்டர், ஹோட்டல் பில்லிங், டெலிவரி ஆப்னு நிறைய வருது, சீக்கிரம் ஆரம்பிக்க நல்ல வழிதான். ஆனா டெமோல லோகோ மட்டும் பாத்துட்டு கையெழுத்து போடாதீங்க. கஸ்டமருக்கு போற ஓடிபி மெசேஜ்லயும் மெயில்லயும் யாரு பேரு போகும், பிளே ஸ்டோர்ல டெவலப்பர் பேரு யாருது, கீழ அவங்க பேரு சின்னதா இருக்குமா, நாளைக்கு ஒத்து வரலன்னா கஸ்டமர் டேட்டா எந்த ஃபைலா எனக்கு வரும்னு கேட்டு எழுத்துல வாங்குங்க. பிளே ஸ்டோர் அக்கவுண்ட் அவங்க பேர்ல இருந்தா பின்னாடி அத்தனை டவுன்லோடும் ரிவ்யூவும் அவங்ககிட்டயே தங்கிரும்.

கடன் ஆப்லயும் இதே ஏற்பாடு நடக்குது, ஆப்புக்கு ஒரு பேரு, காசு குடுக்குறது வேற ஒரு என்பிஎஃப்சி, அதாவது பேங்க் இல்லாத நிதி கம்பெனி. அங்க மறைக்கவே கூடாதுன்னு ரிசர்வ் பேங்க் 2022ல விதி போட்டுச்சு, கடன் குடுக்குறது எந்த கம்பெனி, மொத்த வட்டி, கட்டணம் எவ்ளோன்னு ஒரு முக்கிய விவரத் தாள் முன்னாடியே தரணும், காசும் அந்த கம்பெனி அக்கவுண்ட்ல இருந்து நேரா உங்க அக்கவுண்டுக்கு வரணும், நடுவுல ஆப்காரன் அக்கவுண்ட் வரக்கூடாது. அந்தத் தாள் இல்லாத ஆப்ல ஆதார் நம்பரே போடாதீங்க.

கடைசியா அக்ரிமென்ட். யாரோடயாவது இந்த வேலைல இறங்குறீங்கன்னா ஒயிட் லேபிள் அடிப்படையில்னு ஒரு வரி எழுதி முடிச்சிராதீங்க, அந்த வார்த்தைக்கே ஒரு பாரா ஒதுக்குங்க. இந்த சரக்கு எனக்கு மட்டுமா மத்தவங்களுக்குமா, மத்தவங்களுக்கும்னா என்னோட மாவட்டத்துல இன்னொருத்தருக்கு குடுப்பீங்களா, பேட்ச் டெஸ்ட் ரிப்போர்ட் ஒவ்வொரு லாட்டுக்கும் வருமா, மூலப்பொருள் மாத்துனா முன்கூட்டி சொல்வீங்களா, சரக்கு திரும்ப வந்தா செலவு யாருது இதெல்லாம் அதுல வரணும். ஆர்டர் நின்னு போனா உங்க பேரு அச்சடிச்ச பாட்டிலும் ஸ்டிக்கரும் ஃபேக்டரில மிச்சம் இருக்கும், அத எண்ணி உங்ககிட்ட திருப்பித் தரணும் இல்லன்னா உங்க ஆள வெச்சு அழிக்கணும்னு ஒரு வரி போடுங்க, ஏன்னா அந்த ஸ்டிக்கர் ஒட்டி வெளிய போற எந்தப் பொருளுக்கும் முதல்ல போன் வர்றது உங்களுக்குத்தான்.